மூன்றாவது பெட்டி

முழுப் பெட்டிக்கு நூற்றிருபது கிராம் குறைகிறது என்று வாங்குகிறவர்களிடமிருந்து புகார் வந்த அன்று கூடத்தில் தூள் இல்லை. சலவைத்தூள் மூட்டைகள் வந்து சேராததால் இரண்டு நாளாக நிரப்பும் வேலை நின்றிருந்தது. கட்டி முடித்த பெட்டிகளை நிறுத்து, ஸ்டிக்கர் ஒட்டி, நான்கு மணி லாரிக்கு அடுக்கி வைப்பதுதான் பாக்கி. நிறுப்பவள் ஒருத்தியே. பதினோரு வருடமாக அந்த மேடைத் தராசுக்குப் பக்கத்திலேயே நிற்பதால் அவளைவிட மூத்தவர்கள்கூட அவளைத் தராசக்கா என்றுதான் கூப்பிட்டார்கள்.

சூப்பர்வைசர் கையில் ஒரு காகிதத்தோடு வந்தார்.

"ஏம்மா, முழுப் பெட்டியில பெரிய பாக்கெட் எத்தன?"

"ஆறு சார்."

"சின்னது?"

"எட்டு."

"பெரிசு ஒரு கிலோ, சின்னது அரைக் கிலோ. ஆக, பத்து கிலோ வரணும். நாம அட்டையோட நிறுக்கறதால பிடிபடல. அவங்க அட்டையப் பிரிச்சு உள்ள இருக்கறத மட்டும் நிறுத்துப் பாத்திருக்காங்க. ஒன்பது கிலோ எண்ணூத்தி எம்பது. நூத்திருவத ஆறால வகுத்துப் பாரு. இருவது. மிச்சமே இல்ல, கண்ணாடி மாதிரி வருது. பெரிய பாக்கெட்லதான் இருவது இருவது கிராமா அடிவாங்குது."

அவர் குரலில் கோபம் இல்லை. கணக்கு சரியாக வந்த திருப்திதான் இருந்தது. பெரிய பாக்கெட் நிரப்பும் மேஜையில் உட்காருபவள் தராசக்காவின் நாத்தனார், கணவனின் தங்கை. வேலைக்குச் சேர்ந்து மூன்று மாதம்.

"உன் நாத்தனார்னு தெரியும். நீ சொல்லித்தான் சேத்தேன். ஆனா புதுக் கை. திங்கக்கிழமையிலேர்ந்து வர வேண்டாம்னு சொல்லிடலாம். குறைச்சீட்டுல எழுதி நீ கையெழுத்துப் போட்டுக் குடு, லாரியோட அனுப்பணும்."

குறைச்சீட்டில் மூன்று கட்டங்கள். எந்தப் பாக்கெட், எத்தனை கிராம், எந்த மேஜை. கீழே நிறுத்தவர் கையெழுத்து. பதினோரு வருடத்தில் அவள் அதை இரண்டு முறைதான் எழுதியிருக்கிறாள்.

சீட்டை வாங்கிக்கொண்டபோது அவளுக்குள் ஏதோ தளர்ந்து கொடுத்தது. நிம்மதி மாதிரி இருந்தது. எதற்கு நிம்மதி என்று அவள் கேட்டுக்கொள்ளவில்லை. ஆனால் அவள் மனது தன்னிச்சையாக இன்னொரு வகுத்தலைப் போட்டுவிட்டது. நூற்றிருபதை எட்டால் வகுத்தால் பதினைந்து. அதிலும் மிச்சமில்லை.

சின்னப் பாக்கெட் எட்டு. சின்னப் பாக்கெட் மேஜை சிட்டுவின் மேஜை.

சிட்டு என்பது அவள் உருவத்துக்கு வைத்த பெயர் இல்லை. ஆள் நல்ல வாட்டசாட்டம். வாய் ஓயாமல் பேசுவதால் வந்த பெயர். தராசக்காவின் மகள் காய்ச்சலில் ஒரு வாரம் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது தன் மேஜையையும் பார்த்து, ஓடி ஓடித் தராசையும் பார்த்தவள். அதைப் பற்றி ஒரு நாள்கூடச் சொல்லிக் காட்டாதவள்.

மதியம் சாப்பிடும்போது சிட்டு தண்ணீர் பாட்டிலை நீட்டினாள். அதன் மூடியைத் திருகிக் கொடுப்பது கொஞ்ச நாளாகத் தராசக்காவின் வேலை.

"என்னடி மூஞ்சி இப்படி இருக்கு? தராசு உன்னையே தூக்கி நிறுத்துப் பாத்துடுச்சா?"

"புகார் வந்திருக்கு."

"தெரியும், ஊரே பேசுது. பெரிய பாக்கெட்டாமே." சிட்டு டப்பாவைப் பார்த்தபடி சொன்னாள். "பாவம், புதுசு. கை பழகறதுக்குள்ள இப்படி."

நாத்தனார் அவர்களோடு உட்காரவில்லை. அவள் எப்போதும் சன்னல் ஓரமாகத் தனியாகத்தான் சாப்பிடுவாள். சாப்பிட்டு முடித்து, டப்பாவைக் கழுவி, துடைத்து, மூடியைத் தனியாகக் கவிழ்த்து வைத்தாள். வீட்டிலும் இப்படித்தான். எட்டு மாதத்துக்கு முன்னால், இனிப் புருஷன் வீட்டுக்குப் போவதில்லை என்று ஒரே ஒரு பெட்டியோடு வந்து நின்றாள். வந்த இரண்டாம் நாளே, தராசக்கா மடித்து வைத்த துணிகளைப் பிரித்து வேறு மாதிரி மடித்தாள். 'இப்படி மடிச்சா இடம் மிச்சமாகும் அண்ணி.' ஆகத்தான் செய்தது. ஒருத்தி தப்பாகச் சொல்லி எரிச்சலூட்டினால் பதில் சொல்லித் தீர்த்துக்கொள்ளலாம். சரியாகச் சொல்லி எரிச்சலூட்டுகிறவளை என்ன செய்வது?

கூடத்திலும் அவள் தராசக்காவுக்கு எரிச்சலாகவே இருந்தாள். அளவுக் கோப்பையில் தூளை அள்ளி, மேஜையில் இரண்டு தட்டுத் தட்டி, அது அமுங்கியதும் மேலும் கொஞ்சம் போட்டு, மரச்சட்டத்தால் சமமாகச் சீவுவது அங்கே வேலை செய்கிற முறை. நாத்தனாரின் தட்டு மட்டும் நாள் முழுக்கக் காதில் விழுந்துகொண்டே இருக்கும். டொக் டொக். சிட்டுவிடம்கூடத் தராசக்கா ஒரு முறை சொன்னாள், 'இவ தட்டற தட்டு மண்டைய ஓட்ட போடுது' என்று. அன்றைக்கு மட்டும் சிட்டு சிரிக்கவில்லை.

இப்போது அந்த நாத்தனாருக்கு அடுத்த மாதம் முதல் தனியாக ஓர் அறை பேசியிருந்தது. வேலை பார்க்கும் இடத்திலிருந்து கடிதம் ஒன்று கொடுத்தால் சாவி. வேலை போனால் கடிதம் இல்லை. கடிதம் இல்லாவிட்டால் அறை இல்லை. அறை இல்லாவிட்டால் அவள் இருக்கப்போவது தராசக்காவின் முன்னறையில்தான், துணிகளைத் திருப்பி மடித்துக்கொண்டு. ஆகவே அவள் வேலை நிலைப்பதுதான் தராசக்காவுக்கும் லாபம். கூட்டிக் கழித்துப் பார்த்தால் எல்லாம் ஒரே பக்கம்தான் சாய்கிறது. இருந்தும் சூப்பர்வைசர் 'பெரிய பாக்கெட்' என்றதும் வந்த நிம்மதி வந்ததுதான்.

அவள் எழுந்து போய் சூப்பர்வைசரிடம் சொன்னாள். "சார், பிரிச்சு ஒரு பாக்கெட்ட நிறுத்துப் பாத்துட்டா நல்லது."

"பெட்டியில நம்பர் போட்ட நாடா சுத்தியாச்சு. ஒண்ணப் பிரிச்சாலும் முதலாளி கையெழுத்து வேணும். அவர் வர்றது திங்கக்கிழமை. பிரிச்சாலும் எதுல நிறுப்ப? சின்னத் தராசு பழுதுக்குப் போயி ஒரு மாசமாச்சு. உன் மேடைத் தராசு இருவது இருவது கிராமாத்தான் தாவும்."

"பிரிக்காமயே பாக்கறேன் சார். இன்னொரு பெட்டிய நிறுத்துப் பாத்தா தெரிஞ்சிடும்."

"பாரு. யாரு வேணாம்னா? நாலு மணிக்குள்ள பாரு."

அவள் பன்னிரண்டாம் வகுப்பு வரை கணக்குப் படித்தவள். அதற்கு மேல் படிக்க முடியவில்லை, அது வேறு கதை. தெரியாத இரண்டு எண்களைக் கண்டுபிடிக்க இரண்டு சமன்பாடு வேண்டும் என்பது அவளுக்குக் கடைசி வரை மறக்காத ஒன்று. ஒன்றை மற்றொன்றிலிருந்து கழித்து, தெரியாத இரண்டில் ஒன்றை விழச் செய்தால் மிச்சமிருப்பது தானாக வெளியே வரும். நீக்கல் முறை என்று பெயர். பழைய ஸ்டிக்கர் அட்டையின் பின்புறத்தில் எழுதினாள். பெரிய பாக்கெட்டுக்குப் 'பெ', சின்னதற்குச் 'சி'.

6பெ + 8சி = 9880

கூடத்தில் மூன்று வகைப் பெட்டிகள் இருந்தன. முழுப் பெட்டி. அதில் சரிபாதி இருக்கும் அரைப் பெட்டி. சலவைக் கடைகளுக்குப் போகிற, பெரிசு எட்டும் சின்னது நாலும் வைத்த லாண்டரிப் பெட்டி. அவள் கதவோரம் போய் அரைப் பெட்டிகளில் மூன்றைத் தூக்கி வந்தாள். அதே அளவில் காலி அட்டையும் நாடாவும் வைத்து, தராசைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து, ஒவ்வொன்றாக நிறுத்தாள். மூன்றும் ஒரே எடை. நாலாயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பது.

3பெ + 4சி = 4940

சூப்பர்வைசர் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார். "அஞ்சு கிலோவுக்கு அறுவது குறையுது. பெரிசு மூணு. மூவிருபது அறுவது. நான் சொன்னது அப்படியே வருதா இல்லையா?"

"வருது சார்."

"அப்புறம் என்ன? எழுது." அவர் லாரிக்காரருக்கு ஃபோன் செய்யப் போனார்.

அவள் வழக்கப்படி இரண்டாவதை இரண்டால் பெருக்கினாள். முதலாவது வரியே திரும்ப வந்தது. கழித்தாள். பெரிசும் விழுந்தது, சின்னதும் விழுந்தது, வலப் பக்கமும் விழுந்தது.

0 = 0

பொய்யில்லை. பூஜ்யம் பூஜ்யத்துக்குச் சமம்தான். ஆனால் அதை வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடியாது. இரண்டும் ஒரே குட்டையில் ஊறிய மட்டைகள். ஒரே சாட்சி ஒரு முறை உரக்கவும் ஒரு முறை மெதுவாகவும் சொல்லிவிட்டுப் போன மாதிரி. பெரிசில் இருபது என்றாலும் பொருந்தும், சின்னதில் பதினைந்து என்றாலும் பொருந்தும்.

பேனாவைத் திறந்து முதல் கட்டத்தில் 'பெரிய' என்று எழுதினாள். நான் பார்த்துவிட்டேன், என் கணக்கில் ஒன்றும் வரவில்லை, அவர் சொன்னதை எழுதினேன். யார் கேட்டாலும் சொல்லிக்கொள்ளலாம். நாத்தனார் கேட்டாலும் சொல்லலாம். தனக்கேகூடச் சொல்லிக்கொள்ளலாம், கொஞ்ச நாளில் பழகிவிடும்.

சீட்டோடு திரும்பியபோதுதான் முழங்காலில் எதுவோ இடித்தது. லாண்டரிப் பெட்டி. தராசிலிருந்து ஓர் எட்டு தூரத்தில் அவற்றை இடுப்பு உயரத்துக்கு அடுக்கியிருந்தார்கள். கதவோரம் போகும்போது அவள் அதைச் சுற்றித்தான் போயிருக்கிறாள். அரைப் பெட்டி மூன்றைச் சுமந்துகொண்டு திரும்பி வரும்போதும் சுற்றித்தான் வந்திருக்கிறாள்.

அரை என்றால் பாதி. பாதியைக் கொண்டுவந்து முழுசோடு ஒப்பிட்டால் என்ன வரும் என்று பெருக்கிப் பார்த்துத்தானா தெரிய வேண்டும்? அவளுக்குத் தெரியும். கதவை நோக்கி நடக்கும்போதே தெரியும். ஒன்றும் சொல்லாத பெட்டியாகப் பார்த்து அவள் கால் போயிருக்கிறது. பார்க்கவில்லை என்ற பேரும் வரக்கூடாது, பார்த்துத் தெரிந்துவிடவும் கூடாது.

அவள் சீட்டைத் தராசுக்குப் பக்கத்தில் கவிழ்த்து வைத்தாள். சின்னப் பாக்கெட் என்று வந்துவிடுமோ என்ற பயமாக மட்டும் இருந்திருந்தால் அவளால் அதை மன்னிக்க முடிந்திருக்கும். ஆனால் அதன் அடியில் இன்னொன்றும் கிடந்தது. பெரிய பாக்கெட்டாக இருந்தால் நன்றாக இருக்கும் என்று கிடந்தது. எல்லாவற்றிலும் சரியாக இருக்கும் ஒருத்தி ஒன்றிலாவது தப்பாக இருக்க வேண்டும் என்று கிடந்தது.

ஒன்றும் எழுதாமல் விட்டாலும் நடுவில் நிற்பதாகாது. பழி ஏற்கெனவே ஒருத்தியின் தலைமேல் ஏறி உட்கார்ந்திருக்கிறது. தட்டிவிடாதவரை அது அங்கேயேதான் இருக்கும்.

லாண்டரிப் பெட்டியின் காலி அட்டையை வைத்துத் தராசை மறுபடி பூஜ்யமாக்கி, பெட்டியை இரண்டு கையாலும் தூக்கி வைப்பதற்கு முன் அவள் ஒன்றைக் கணக்கிட்டு வைத்துக்கொண்டாள். குறை பெரிசில் என்றால் எட்டு இருபது நூற்றறுபது போய், ஒன்பதாயிரத்து எண்ணூற்று நாற்பது காட்ட வேண்டும். சின்னதில் என்றால் நான்கு பதினைந்து அறுபதுதான் போகும்.

தராசு கொஞ்சம் தடுமாறி நின்றது. 9940. இன்னொரு பெட்டி. 9940. மூன்றாவதும் அதேதான்.

8பெ + 4சி = 9940

இதில் அரைப் பெட்டியைக் கழித்தால் போதும். நாலு சின்னதும் நாலு சின்னதும் விழுந்துவிடும். ஐந்து பெரிசு ஐயாயிரம். ஒரு பெரிசு ஆயிரம். ஒரு கிராம்கூடக் குறைவில்லை. அதை அரைப் பெட்டியில் திருப்பிப் போட்டால் நாலு சின்னது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பது. ஒன்று நானூற்று எண்பத்தைந்து.

நாத்தனாரின் கை மூன்று மாதமாக ஒரு கிராம் தவறவில்லை. டொக் டொக் என்று அவள் தட்டிய ஒவ்வொரு தட்டும் அந்த ஆயிரத்தில் இருந்தது. அதை நினைத்தபோதுதான் தராசக்காவுக்கு இன்னொன்று உறைத்தது. அந்தச் சத்தம் ஏன் அவ்வளவு தனியாகக் கேட்டது? முன்பெல்லாம் கூடத்தில் இரண்டு மேஜையும் தட்டும். ஒன்றோடு ஒன்று கலந்து, காதில் விழாத சத்தமாக இருக்கும். இவள் தட்டுவது அதிகமாகவில்லை. மற்ற மேஜை தட்டுவதை நிறுத்தியிருக்கிறது.

பாட்டில் மூடி.

அவள் புதுச் சீட்டு எடுத்தாள். சின்ன. பதினைந்து. இரண்டாவது மேஜை. கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் குழாயடிக்குப் போனாள். சிட்டு அங்கே டப்பாவை இடது கையால் கழுவிக்கொண்டிருந்தாள்.

"கையக் காட்டு."

"எதுக்கு?"

"காட்டுடி."

சிட்டு வலது கையை நீட்டினாள். மணிக்கட்டில், கட்டைவிரலுக்குக் கீழே நெல்லிக்காய் அளவுக்குப் புடைத்திருந்தது.

"ஒன்றரை மாசமா இருக்கு. தட்டினா முழங்கை வரைக்கும் சுள்ளுனு ஏறுது. தட்டாம சமமாச் சீவி விட்டேன். பாக்க நெறஞ்சுதான் இருந்துச்சு." சிட்டு குழாயை மூடினாள். "எத்தன கிராம்?"

"பதினஞ்சு."

"அவ்வளவுதானா? நான் பத்துதான் இருக்கும்னு நெனச்சேன்" என்று சொல்லிவிட்டு, தான் சொன்னதன் பொருத்தமின்மை அவளுக்கே தெரிந்து சிரிக்கப் பார்த்தாள். வரவில்லை. "எழுதப் போறியா?"

"எழுதிட்டேன்."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லிட்டு எழுதியிருக்கலாம்ல?"

"சொல்லியிருந்தா எழுதியிருக்க மாட்டேன்."

சிட்டு ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு நின்றாள். இவ்வளவு நேரம் அவள் பேசாமல் இருந்து தராசக்கா பார்த்ததில்லை.

"மத்தியானம் நான் 'பாவம் புதுசு'ன்னு சொன்னேன்ல. அது எனக்கே நல்லா இல்ல" என்றாள் கடைசியில். "குடு சீட்ட. நானே கொண்டுபோய்க் குடுக்கறேன். நீ குடுத்து, அவர் என்னக் கூப்பிட்டு, நான் முழிச்சுகிட்டு நின்னு, அதெல்லாம் வேணாம்."

சூப்பர்வைசருக்கு நம்ப மனமில்லை. தன் வகுத்தல் சுத்தமாக வந்ததே என்றார். தராசக்கா லாண்டரிப் பெட்டியைக் காட்டி, பெரிசில் போயிருந்தால் இதில் நூற்றறுபது போயிருக்க வேண்டும், போனது அறுபதுதான் என்றாள். அவர் காகிதத்தை வாங்கிக் கழித்துப் பார்த்தார். மறுபடியும் கழித்தார். கடைசியில் சிட்டுவின் கையைப் பார்த்தார்.

"வலின்னா வாயத் தொறந்து சொல்றதுக்கென்ன? நாள் பூரா பேசற, இத மட்டும் சொல்ல மாட்டியா?"

"சொன்னா வீட்டுக்குப் போன்னுவீங்க."

"இப்ப மட்டும் என்ன சொல்லப் போறேன்? கை சரியாகற வரைக்கும் வீட்டுல இரு. டாக்டர் சீட்டோட வா. பாக்கலாம்."

அந்தப் 'பாக்கலாம்' என்பதற்கு எடை எவ்வளவு என்று அங்கே யாருக்கும் தெரியாது. சிட்டு தன் மேஜையில் இருந்த மரச்சட்டத்தையும் கோப்பையையும் கவிழ்த்து வைத்துவிட்டு, பையை இடது தோளில் மாட்டிக்கொண்டு போனாள். வாசலில் திரும்பிப் பார்ப்பாள் என்று தராசக்கா நின்றிருந்தாள். லாரிக்காரர் ஹாரன் அடித்தார். ஸ்டிக்கர் ஒட்டப் போக வேண்டியிருந்தது.

சாயங்காலம் நாத்தனாரும் அவளும் சேர்ந்து நடந்தார்கள். ஒரே வீட்டுக்குப் போகிறவர்கள் ஒரே நேரத்தில் கிளம்பினால் வேறு வழியில்லை. மூடிய கடைப் படியில் ஒரு நாய் தூங்கிக்கொண்டிருந்தது. அதைத் தாண்டியதும் நாத்தனார் கேட்டாள்.

"எப்படி அண்ணி கண்டுபிடிச்சீங்க? பிரிக்காம?"

"லாண்டரிப் பெட்டிய நிறுத்தேன். அதுலேர்ந்து அரைப் பெட்டியக் கழிச்சேன்."

"ம்." நாலு அடி நடந்தாள். "அரைப் பெட்டிய எதுக்கு முதல்ல எடுத்தீங்க? அது முழுப் பெட்டியோட பாதிதானே. அத நிறுத்தா என்ன தெரியும்?"

துணி மடிப்பதைப் பற்றிச் சொன்ன அதே குரல். குற்றம் சாட்டவில்லை. சரியாக இருந்தது, அவ்வளவுதான்.

ஏதாவது சொல்லியிருக்கலாம். அவசரத்தில் தோன்றவில்லை என்று சொல்லியிருக்கலாம். கதவோரம் இருந்தது, தூக்க லேசு என்று சொல்லியிருக்கலாம்.

"ஒண்ணும் தெரியாது" என்றாள் தராசக்கா. "அது எனக்குத் தெரியும்."

நாத்தனார் அவளைத் திரும்பிப் பார்த்தாள். பார்த்தவள் உடனே பார்வையை எடுக்கவில்லை. பிறகு தெருவைப் பார்த்து நடந்தாள்.

"அடுத்த மாசம் ஒண்ணாந்தேதி சாவி தர்றதா சொல்லியிருக்காங்க" என்றாள். "கடிதம் நாளைக்குக் கேக்கணும்."

"நானும் கூட வர்றேன் கேக்க."

"வேணாம் அண்ணி. நானே கேட்டுக்கறேன்." கொஞ்சம் பொறுத்து, "சிட்டக்கா வீடு எந்தப் பக்கம்?" என்றாள்.

"எதுக்கு?"

"ஒரு கையால துணி துவைக்க முடியாதுல்ல. ஞாயித்துக்கிழமை போய்ட்டு வரலாம்னு."

தராசக்கா வழி சொன்னாள். பெட்ரோல் பங்கைத் தாண்டி இரண்டாவது சந்து, பச்சைக் கேட். சொல்லும்போதே, தானும் வருகிறேன் என்று சொல்ல நாக்கு வரை வந்தது. சிட்டு கதவைத் திறந்து இருவரையும் பார்த்தால் முதலில் யாரை உள்ளே கூப்பிடுவாள் என்று தெரியவில்லை. அதைக் கண்டுபிடிக்க எந்தப் பெட்டியை நிறுப்பது என்றும் தெரியவில்லை.

"பச்சைக் கேட்டா?"

"ஆமா. மணி இல்ல, தட்டணும்" என்றாள்.